கேபிள் டிவியில் கெட்ட குமாரன்

மன்னிப்பை நேரில் போய்க் கேட்டுவிடுவது நல்லது. நான் கேபிள் டிவியில் கேட்டேன்.

ஊரின் மறுகோடியில் ஹிஞ்சேவாடியில் வேலை கிடைத்ததும், கட்கியில் இருக்கும் எங்கள் வீட்டிலிருந்து தினமும் டிராபிக்கில் சாக முடியாது என்று அங்கேயே ரூம் எடுத்தேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். போகிற போக்கில், வெடிமருந்து ஃபேக்டரியில் முப்பது வருஷம் உழைத்து அப்பா கட்டிய வீட்டைக் காட்டி, "இது வீடா, ஜெயிலா?" என்று அவரிடமே கத்தினேன். (வாய்க்கொழுப்பு.) இரண்டு வருஷம் அவர் என்னோடு பேசவில்லை.

அப்போதுதான் எங்கள் சர்ச்சின் தமிழ்ச் சபைக்கு லோக்கல் கேபிளில் நேரலை வாய்ப்பு வந்தது. வீட்டை விட்டுப் போன மகன் திரும்பி வந்து தகப்பனிடம் மன்னிப்புக் கேட்கிற, பைபிளின் கெட்ட குமாரன் கதை, பாட்டு நாடகமாக. பாடகர் குழுவை நடத்தும் ஸ்டெல்லா அக்கா குமாரன் வேஷத்துக்கு என்னைக் கூப்பிட்டார்.

"எனக்கு ஆக்டிங் வராதுக்கா."

"நீ எதுக்குடா நடிக்கணும்? சும்மா வந்து நில்லு, போதும்."

ஒப்புக்கொண்டேன். "தகப்பனே, மன்னியும்" என்று டிவியில் பாடினால் அப்பாவுக்குப் புரிந்துவிடும், அவர் எதிரே போய் நிற்கிற அவஸ்தை மிச்சம் என்பது என் மகா திட்டம். எனக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாததால் பாட்டை இந்தி எழுத்தில் எழுதிவைத்துப் பாடி, முன்கூட்டியே ரெக்கார்டு செய்தோம். மேடையில் வாயசைத்தால் போதும்.

அதுவும் முடியவில்லை. தகப்பனாக நடித்த தேவதாஸ் அங்கிள், காலில் விழுந்த என்னைத் தூக்கிக் கட்டிக்கொண்டார். அவர் மேல் தைல வாசனை. அப்பா முழங்காலுக்குத் தேய்க்கிற அதே தைலம். அவ்வளவுதான், குலுங்கிக் குலுங்கி அழுதேன். பிடித்த பிடியில் அங்கிளின் பஞ்சுத் தாடி என் கையோடு வந்துவிட்டது. வாயை இறுக மூடிக்கொண்டு நான் விசும்ப, ஸ்பீக்கரில் என் குரல் மட்டும் ஜோராக "மன்னியும், மன்னியும்" என்று பாடிக்கொண்டிருந்தது. கேமராக்காரர் வேறு என் மூஞ்சிக்குக் கிட்டே வந்து நின்றார்.

மறுநாள் கட்கி முழுக்க அந்த வீடியோ வாட்ஸ்அப்பில் ஓடியது. (மானம் போச்சு.) எல்லாம் அடங்கட்டும், கிறிஸ்துமஸுக்கு வீட்டுக்குப் போய்க்கொள்ளலாம் என்று தள்ளிப்போட்டேன். அப்பா கிறிஸ்துமஸ் வரை இருக்கவில்லை. மாரடைப்பு.

அடக்கம் முடிந்து வீட்டுக்கு வந்ததும் அம்மாதான் சொன்னார், சிரிப்பும் அழுகையுமாக.

"அன்னிக்கு உங்கப்பா டிவி கிட்டயே போயி, 'வாயத் தொறடா, பாட்டு போகுது பாரு! அழாதடா, வாயத் தொற!'ன்னு ஒரே கத்து. பக்கத்து வீட்டு மராத்திக்காரங்க என்னமோ ஏதோன்னு ஓடி வந்துட்டாங்க."

இப்போதும் நான் கொஞ்ச நேரம் பேசாமல் உட்கார்ந்திருந்தால், தங்கை பிள்ளைகள்கூட தாத்தா மாதிரியே "வாயத் தொறடா!" என்று கத்திச் சிரிக்கிறார்கள். நானும் சிரிக்கிறேன். அந்த இரண்டு வருஷத்தில் அப்பா என்னோடு பேசியது அது ஒன்றுதான். அப்போது நான் டிவிக்குள் இருந்தேன்.