குஸ்தி பாய் படம் பிடித்த இடது தோள்

மதுரையில் ஒருவரைக்கூடக் கீழே தள்ளாமல் 'குஸ்தி பாய்' என்று பெயர் வாங்கியவர் அவர் ஒருவர்தான். மாசி வீதியில் காற்றடித்தால் குடையோடு சாய்கிற உடம்பு. எங்கள் வாரப் பத்திரிகையில் விளையாட்டுச் செய்தி எழுதினார். நான் புரூப் பார்த்தேன்.

எந்தப் பிடியையும் தன் உடம்பில் போட்டுப் பார்க்காமல் எழுதமாட்டார். "மாப்ள, என் கழுத்த இப்படி வளைங்க" என்பார். வளைப்பேன். நாக்கு வெளியே தள்ளும்போது, "ம்... இப்ப வாக்கியம் வருது" என்பார்.

யுத்தம் தொடங்குவதற்கு முந்திய வருஷம், குஸ்தியைப் பற்றிச் செய்திப்படம் எடுக்கப் பம்பாயிலிருந்து பழைய கேமரா ஒன்றைத் தருவித்தார். சாவி கொடுத்தால் அரை நிமிஷம் ஓடும், நின்றுவிடும். "அண்ணே, அப்படியே இருங்க, சாவி குடுத்துக்கிறேன்" என்பார். மலைபோன்ற இரண்டு பயில்வான்கள் ஒருவர் கழுத்தை ஒருவர் பிடித்தபடி சிலையாக நிற்பார்கள். கலெக்டர் சொல்லியிருந்தாலும் நின்றிருக்கமாட்டார்கள்.

அந்த மாசி மாதம், அழகர்கோவில் பக்கத்துக் கூலிக்காரர் மாயாண்டி ஒரு டவுன் பயில்வானோடு மோதினார். பாய் களத்தோரம் கேமராவோடு நின்றார். இரண்டு தோளும் மண்ணில் பட்டால் தோல்வி. நடுவர் விசிலடித்து டவுன்காரர் கையைத் தூக்கினார். 'இரண்டு தோளும் பட்டன' என்று பாயும் எழுதினார். அதோடு மாயாண்டியை எந்தக் களத்துக்கும் கூப்பிடவில்லை. அவர் அச்சாபீசுக்கே வந்துவிட்டார்.

"ஒரு தோளுதான் பாய் பட்டுச்சு. நீங்களே இப்படி எழுதிட்டீகளே."

"நான் எழுதித் தப்புனதில்ல, தம்பி."

பம்பாயில் கழுவி வந்த படத்தைச் சித்திரையில் அச்சாபீஸ் சுவரில் ஓட்டிப் பார்த்தோம், நானும் பாயும் மட்டும். மாயாண்டியின் இடது தோள் மண்ணுக்கு ஒரு சாண் மேலே நின்றது. பாய் ஏழு தடவை ஓட்டினார். படம் பிடிக்கிற மும்முரத்தில் மனுஷர் ஆட்டத்தையே கவனிக்கவில்லை. விசிலைக் கேட்டு எழுதியிருக்கிறார்.

கத்தரிக்கோல் பக்கத்திலேயே இருந்தது. "அந்த நாலடி பிலிம நறுக்கிட்டா முடிஞ்சது பாய்" என்றேன்.

"அம்புட்டுப் படத்துலயும் உருப்படியா எடுத்தது அந்த நாலடிதான் மாப்ள."

மறுவாரம் முதலாளி, நடுவர், இரண்டு பயில்வான்கள் எல்லோரையும் வரவழைத்து அதே சுவரில் காட்டினார் பாய். முடிந்ததும் எழுந்து, "தப்பு என்னுது. திருத்தம் போடணும்" என்றார்.

"போட்டா இனிமே உம்ம எழுத்த எவன் நம்புவான்?" என்றார் முதலாளி.

"போடாட்டி நான் எழுதவே வரல."

மாயாண்டி மட்டும் சுவரைவிட்டுக் கண்ணை எடுக்கவில்லை. "பாய், இன்னொருக்கா ஓட்டுங்க. நான் இம்புட்டுப் பெரிய ஆளா?"

திருத்தம் முதல் பக்கத்தில், செய்தி வந்த அதே அளவு எழுத்தில் வந்தது. ஆடியில் மாயாண்டியை மறுபடி களத்துக்குக் கூப்பிட்டார்கள். பாய்க்குக் கிடைத்தது காய்கறிச் சந்தை நிலவரம். அதையும் கத்தரிக்காயைக் கடித்துப் பார்த்துத்தான் எழுதினார்.

தேதியில்லாத தாளை நான் சேர்த்துவைப்பதில்லை. திருத்தம் வந்த அந்தப் பக்கத்தில் தேதி இருந்த மூலையைச் செல் அரித்துவிட்டது. அதை மட்டும் நல்ல சட்டைகளுக்கு நடுவில் வைத்திருக்கிறேன்.