கடைசி ஆளைக் கூப்பிட்ட துருசர்

அந்தக் காலத்துக் கிளிநொச்சியில் தண்ணீரே ஒரு ஆளைக் கேட்டுத்தான் ஓடும். அந்த ஆள் துருசர். குளத்துத் தண்ணீரை வாய்க்காலுக்கு விடுகிற கதவைத் துருசு என்போம். இருபது வருஷமாக அதைத் திருகி ஏற்றி இறக்கினவருக்குச் சொந்தப் பெயர் என்று ஒன்று இருந்தது எங்கள் நீர்ப்பாசனக் கந்தோர்ப் பதிவில் மட்டும்தான்.

அறுபதுகளின் தொடக்கத்தில் நான் அந்த அலுவலகத்தில் சின்னக் கிளாக்கர். துருசருக்குக் குடல் இறங்கிவிட்டது. "இனிப் பாரம் தூக்கப்படாது, திருகு சுத்தப்படாது" என்று டொக்டர் எழுதிக் கொடுத்தார். மேலிடத்துக்கு இலேசான வேலை என்றால் கதிரையில் உட்காருகிறதுதான். ஆளைக் கொண்டுவந்து கந்தோர் வாசலில் இருத்தி, மனுக்களோடு வரிசையில் நிற்கிற, வயல் செய்கிற கமக்காரரை ஒவ்வொருத்தராக உள்ளே விடச் சொன்னார்கள்.

முதல் நாளே வினை தொடங்கியது. "கடைசியில நிக்கிறவர் வாங்கோ!" என்றார் துருசர்.

முன்னுக்கு நின்ற முரசுமோட்டை ஊர்க்காரர் பதறிப்போனார். "ஐயோ அண்ணை, நான் விடியமுன்னம் வந்தனான்!"

"நீர் வாசலுக்குக் கிட்ட நிக்கிறீர். உமக்கு எப்பிடியும் கிடைக்கும். கடைசியில நிக்கிறவனுக்கெல்லோ வந்து சேராது?"

வாய்க்காலில் அதுதான் சட்டம். கடைசி வயலுக்கு முதல் தண்ணீர், குளத்துக்குக் கிட்ட இருக்கிறவனுக்குப் பிறகு. கமக்காரர் எல்லாரும் ஒத்துக்கொண்ட முறை. அதைத் தூக்கி மனுசருக்கும் போட்டுவிட்டார் மனுசன்!

கமக்காரர் மட்டும் லேசுப்பட்டவர்களா? மூன்றாம் நாளே விளங்கிக்கொண்டார்கள். "நீங்கள் முன்னுக்கு நில்லுங்கோ." "சீச்சீ, நீங்கள் மூத்தவர், நீங்களே நில்லுங்கோ." மரியாதை பொங்கி வழிந்தது. வரிசை பின்னுக்குப் பின்னுக்குப் போய், படலையைத் தாண்டி, கண்டி வீதியையும் கடந்து, எதிரே தேத்தண்ணிக் கடைக்குள் நுழைந்தது. கடைக்காரர் நன்றி மறவாமல் துருசருக்குத் தினமும் எண்ணெயில் பொரித்த வாய்ப்பன் அனுப்பினார்.

ஒருநாள் எஞ்சினியர் ஜீப்பில் வந்து இறங்கினார். வாசலில் ஈ காக்காய் இல்லை. றோட்டுக்கு அந்தப் பக்கம் முப்பது பேர் முண்டியடிக்கிறார்கள்.

"என்ன காணும், ஸ்ட்ரைக்கோ?"

"இல்லைச் சேர், வரிசை" என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. "இந்தாள் இந்த வேலைக்கும் சரிவராது. ஏலாதவர் எண்டு எழுதி வீட்டை அனுப்பும். நாளைக்குக் கடிதம் மேசையில இருக்கவேணும்."

துருசரிடம் சொன்னேன். அவர் கோபிக்கவில்லை. "வீட்டை போய் என்ன தம்பி செய்யிறது? என்ர மனிசியும் கண்ணை மூடிட்டா. குளத்தடியில ஒரு மூலையில எண்டாலும் விடச் சொல்லும். இங்க தண்ணிச் சத்தம் கேக்குதில்லை. இருக்கேலாமல் கிடக்கு."

அப்போதுதான் ஒன்று உறைத்தது. உள்ளே விடுகிற ஒவ்வொருத்தரிடமும் இந்த மனுசன் முதலில் கேட்பது மனுவை அல்ல. "குளத்தடியால வந்தனீரோ? குளக்கட்டில எத்தினை படி தண்ணிக்கு வெளிய தெரியுது?" கேட்டுவிட்டு, "அப்ப தண்ணி மட்டம் பத்தொன்பதடி ரெண்டு இஞ்சி" என்று முணுமுணுப்பார். பிறகு கேலி பண்ணலாம் என்று அதையெல்லாம் ஒரு துண்டில் நான் குறித்து வைத்திருந்தேன். வேலை மேற்பார்க்கிற ஓவசியர் கிழமைக்கொருக்கால் குளத்துக்குப் போய் மட்டம் பார்த்து எழுதுகிற கொப்பியை எடுத்து ஒத்துப் பார்த்தேன். ஒரு இஞ்சி பிசகவில்லை! தினமும் மட்டம் பார்க்க ஆள் தாருங்கள் என்று நாங்களே மேலிடத்துக்கு மூன்று கடிதம் போட்டுக் காத்திருந்தோம். அட, மட்டம் பார்க்கக் கண் போதுமே, குடல் எதற்கு?

வீட்டுக்கு அனுப்புகிற கடிதத்தை நான் எழுதவில்லை. "தூக்க ஏலாது, பார்க்க ஏலும்" என்பதை இங்கிலீசில் ஒன்றரைப் பக்கத்துக்கு நீட்டி, துண்டையும் கொப்பியையும் சேர்த்து மேசையில் வைத்தேன். எஞ்சினியர் இரண்டு தரம் வாசித்தார். "உமக்கும் அந்தாளின்ர விசர் தொத்திட்டுது" என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டார்.

துருசர் கடிதத்தை வாங்கி மடியில் செருகினார். "போட்டு வாறன் தம்பி." அவ்வளவுதான். குளத்தடிக்குப் போகிற வண்டிலில் ஏறிக் குந்தினவர் திரும்பியும் பார்க்கவில்லை.

அடுத்த நாள் வாசலில் வெறும் கதிரை. வேலை மளமளவென்று முடிந்தது. எனக்குத்தான் ஒன்றும் ஓடவில்லை.

என் உத்தியோக காலத்தில் நான் எழுதிய கடிதங்களுக்குள் நியாயமானது அதுதான். இன்றைக்கும் சொல்வேன். ஆனாலும் அதை இன்னும் ஒரு கிழமை பிந்தி எழுதியிருக்கலாம்.