பலகைக்கு முட்டு

"தச்சரெல்லாம் எதுக்கு? நானே பொருத்துறேன்" என்று அறிவித்தார் பிழை திருத்துபவர். அச்சகத்தில் இருபது வருஷமாகப் பிறர் தவறுகளைக் கண்டுபிடித்தே சம்பளம் வாங்கியவர். தன் கையால் ஒரு தவறு நடக்கும் என்பது அவருடைய கற்பனைக்கு எட்டாத விஷயம்.

கூடத்தை ஜிப்சம் போர்டால் தடுத்துப் புதிதாக ஒரு சின்ன அறை எடுத்திருந்தார்கள். அதில் நாற்காலி போட்டு நிம்மதியாகப் படிக்க அவருக்கு ஆசை. வீட்டிலேயே துணி தைத்துக் கொடுக்கும் மனைவிக்குத் தையல் மிஷின் போட ஆசை. மூன்று வாரச் சண்டைக்குப் பிறகு பந்தயம் முடிவானது. சுவரின் அடியில் ஓடும் ஸ்கர்ட்டிங் பலகையை அவரே பொருத்தி, அது நின்றால் அறை அவருக்கு. விழுந்தால் அவளுக்கு.

முதல் ஆணி ஒரே அடியில் உள்ளே போனது. அவர் மீசையைத் தடவிக்கொண்டார். பலகையிலிருந்து கையை எடுத்தார். ஆணி போன வேகத்தில் திரும்பி வந்தது.

"உள்ள வெறும் கூடுங்க" என்றாள் மனைவி. "தட்டிப் பாருங்க. போர்டைத் தாங்குற சட்டம் இருக்கிற இடத்துல சத்தம் மாறும். அங்க அடிக்கணும்."

"எனக்குத் தெரியாதா?"

தட்டினார். காதை வைத்துத் தட்டினார். நாடி பார்க்கும் வைத்தியர் மாதிரி கண்ணை மூடிக்கொண்டு தட்டினார். சுவர் எங்கே தட்டினாலும் ஒரே பதிலைச் சொன்னது.

"என்னங்க, உள்ளேருந்து யாராவது கதவைத் திறந்தாங்களா?"

"ஆணியெல்லாம் பழைய காலம். இப்ப பசைதான்."

பசை டப்பாவில் அச்சிட்டிருந்த குறிப்பைப் படித்தார். இரண்டு எழுத்துப் பிழைகளைக் கண்டுபிடித்து வட்டமிட்டார். சுவரின் தூசியைத் துடைக்கச் சொன்ன வரி மட்டும் அவர் கண்ணில் படவில்லை.

"ஒரு நாள் முழுக்க அழுத்திப் பிடிக்கணுமாம். யார் பிடிக்கிறது?"

"கனமா எதையாவது முட்டுக் கொடுங்க. வேணும்னா என் மிஷினை எடுத்துக்குங்க."

அவளுடைய பெருந்தன்மை அவரை நெகிழ வைத்தது. மூச்சு வாங்க மிஷினைத் தூக்கி வந்தார். பிறகு துணி வெட்டும் மேஜையை. பிறகு அலமாரியை.

"மிஷின் ஜன்னல் பக்கம் போகட்டும். அங்கதான் பலகை வளைஞ்சிருக்கு."

அவர் தள்ளினார்.

மறுநாள் சாயங்காலம், அவள் சமையலறையில் இருந்த நேரம் பார்த்து மிஷினை ஒரு சாண் நகர்த்தினார். பலகை தூசியோடு கழன்று அவர் காலடியில் விழுந்தது. பதறிப்போய்ப் பலகையை நிமிர்த்தி, மிஷினைப் பழையபடி முட்டினார்.

"என்னங்க சத்தம்?"

"ஒண்ணுமில்ல. பலகை கல்லு மாதிரி நிக்குது!"

"அப்ப ஜெயிச்சுட்டீங்க. என் சாமானை வெளிய எடுத்துடலாமா?"

"வேண்டாம், வேண்டாம்! இங்கயே இருக்கட்டும்."

"உங்க அறையாச்சே?"

"ஜெயிச்சவன் விட்டுக் கொடுக்கக் கூடாதா?"

ஒரு மாதம் அந்த மிஷினை அவர் காவல் காத்தார். ஒருநாள் பின்னால் விழுந்த பொத்தானை எடுக்க அவளே அதை நகர்த்திவிட்டாள். அவர் பாய்ந்து பலகையைப் பிடிக்கப் போனார். பலகை அசையவில்லை. குனிந்து பார்த்தார். வரிசையாகத் திருகாணிகள்.

"இது எப்ப?"

"நீங்க விட்டுக் கொடுத்த மறுநாளே. நீங்க வெளிய போயிருந்தப்ப தச்சர் வந்தார். சட்டம் எங்கெங்க இருக்குன்னு சுவர் வைக்கும்போதே கேட்டுக் குறிச்சு வெச்சிருந்தேன். பத்து நிமிஷ வேலை."

"அப்ப முட்டே வேண்டாமே! அன்னைக்கே மிஷினை வெளிய எடுத்திருக்கலாமே!"

"எடுக்கலாம்னுதான் இருந்தேன். நீங்க இங்கயே இருக்கட்டும்னு சொல்லிட்டீங்களே. உங்க பேச்சை நான் என்னைக்குங்க மீறியிருக்கேன்?"