நாக்கில் ஒட்டிய டிராகன்

இந்தக் கதையில் ஒரு சொல்கூடப் பொய்யில்லை. டிராகன் பல்லை நாக்கில் ஒட்டவைத்துச் சத்தியம் செய்துவிட்டுத்தான் ஆரம்பிக்கிறேன்.

சீனாவின் குவாங்சி மலைக்குகையில் டிராகன் குட்டியின் மண்டையோட்டைப் பான் சாமியார் கண்டெடுத்ததிலிருந்து, குகை வாசலில் மனிதர்களைவிட வாத்துகளே அதிகம். எல்லாம் காணிக்கை. ஆண் பிள்ளை கேட்டு வருகிறவளின் நாக்கில் சாமியார் ஒரு பல்லை வைப்பார். ஒட்டினால் ஆண். ஒட்டாவிட்டால் காணிக்கை போதவில்லை. டிராகன் அவ்வளவு கறார்.

லானுக்கு ஏழாம் மாதம். அவள் கணவன் வெய் முதலில் ஒரு வாத்தைத்தான் கொடுத்தான். சாமியார் பல்லைத் தேநீரில் முக்கிப் புனிதப்படுத்தி அவள் நாக்கில் வைத்தார். வழுக்கி விழுந்தது.

"டிராகன் எருமை கேக்குறாருப்பா. உன் வீட்டுக் கூரை ஒழுகுதே, அதுவும் அவரு கோபந்தான்."

இருந்ததோ ஒரே எருமை. நடவுக்கு இன்னும் உழவே ஆகவில்லை.

"எருமையக் குடுத்துட்டு வயல உன் தலையால உழுவியா?" என்றாள் லான்.

"பையன் பொறந்து உழுவான்டி."

"பொறந்த அன்னிக்கேவா?"

வெய் யோசித்துப் பார்த்தான். பழக்கமில்லாத வேலை, உடனே விட்டுவிட்டான். எருமையும் மனைவியுமாகக் குகைக்குப் போனான்.

இம்முறை சாமியார் பல்லைத் தேநீரில் முக்கவில்லை. ஒட்டிக்கொண்டது.

"ஒட்டிக்கிச்சு! ஆம்பளப் புள்ள!" என்று கூட்டம் அலறியது. எருமையின் கயிறு சாமியார் கைக்குப் போனது.

நாக்கில் பல் தொங்க, லான் கண்ணை மூடினாள். இந்த ஒட்டு அவளுக்குப் பழக்கமான ஒட்டு. மசக்கை வந்ததிலிருந்து யாருக்கும் தெரியாமல் அவள் தின்பது கூரை ஓடு. அதில் ஒரு துண்டு இடுப்பிலேயே செருகியிருந்தது. பல்லைப் பிடுங்கிப் போட்டுவிட்டு அந்த ஓட்டுத் துண்டை எடுத்தாள்.

"சாமி, நாக்க நீட்டுங்க."

"எதுக்கும்மா..." என்று வாய் திறந்தவரின் நாக்கில் அதை அழுத்தினாள். ஒட்டித் தொங்கியது.

"சாமிக்கும் ஆம்பளப் புள்ளதான்!"

லான் ஓட்டுத் துண்டைப் பிடுங்கி, சாமியாரின் தேநீரில் ஊறவைத்து, கணவன் நாக்கில் வைத்தாள். வழுக்கி விழுந்தது.

"வாத்து குடுத்தா நனைச்ச பல்லு. எருமை குடுத்தா காய்ஞ்ச பல்லு. இதுல டிராகன் எங்கய்யா வந்தாரு?"

ஊரே குனிந்து குகை வாசலில் உடைந்து கிடந்த பானை ஓடுகளை எடுத்து நக்கிப் பார்த்தது. எல்லாம் ஒட்டின. தாடி வைத்த கிழவருக்கும் ஆண் பிள்ளை உறுதியானது. சாமியார் ஓடினார், வாத்துகள் துரத்தின.

வெய்க்கு அப்போதுதான் உறைத்தது. "அடியே, அப்ப நம்ம கூரை ஒழுகுறது..."

"மொதல்ல எருமையப் பிடிய்யா!"

பல்லையும் மண்டையோட்டையும், சேதி கேட்டு வந்த நகரத்து ஆய்வாளர்கள் அன்றைக்கே கொண்டுபோனார்கள். இருபது லட்சம் ஆண்டுக்கு முன் வாழ்ந்து, இனமே அழிந்துபோன குட்டைப் பாண்டாவாம். மூங்கில் தின்கிற பிராணி. எருமை கேட்டிருக்க வழியில்லை.

லானுக்குப் பெண் பிறந்தது. வயலை எருமையே உழுதது.

பல் இன்றும் நகரத்தில்தான் இருக்கிறது. நான் நாக்கில் ஒட்டிச் சத்தியம் செய்தது லான் வீட்டு ஓட்டின் மேல். நனைத்துக் காட்டு என்று உங்களில் ஒருவரும் கேட்கவில்லை.