முகைதீன்பாவா காட்டிய காலிக் கோட்டை

கூரைக்கு மேலே வானம் இருக்கட்டும், அது அல்லாஹ்வின் ஏற்பாடு. கூரைக்கு உள்ளே வானம் வரக் கூடாது, இது தன் ஏற்பாடு என்று முகைதீன்பாவா முடிவு கட்டியிருந்தார்.

முடிவுக்குக் காரணம் இருந்தது. எழுபத்தெட்டாம் ஆண்டுச் சூறாவளி கல்முனையில் இருந்த அவர் வீட்டு ஓடுகளை ஒன்று விடாமல் அள்ளிக்கொண்டு போய்விட்டது. கடைசி ஓடு பறந்தபோது முகைதீன்பாவா மனைவி முனவ்வறாவோடு கட்டிலுக்கு அடியில் கிடந்து தெரிந்த ஓதலையெல்லாம் ஓதிக்கொண்டிருந்தார். இப்போது அதே வளவில் புது வீடு எழும்பப் போகிறது. கடைத்தெருவில் அவருக்குச் சீமெந்துக் கடை. உலகத்தில் உள்ள எல்லாக் குறைக்கும் ஒரு பை சீமெந்து மருந்து என்று நம்புகிறவர். ஆகவே சுவர் சீமெந்து, தூண் சீமெந்து, கூரையும் சீமெந்து. இனி எந்தக் காற்று நுழைகிறது பார்ப்போம்!

"சூறாக்காத்து நுழையாது, சரி. மத்தக் காத்து?" என்று கேட்டாள் முனவ்வறா.

அவளுக்கு வேண்டியது நடுமுற்றம். நான்கு பக்கமும் அறை, நடுவிலே திறந்த வெளி.

"மழை பெஞ்சா ஆம்புளையள் கடை வாசல்ல நிண்டு பாப்பீங்க. நாங்க ஜன்னல் கம்பிக்குள்ளால எட்டிப் பாக்கணும். எனக்கு என்ட ஊட்டுக்குள்ள மழை பெய்யணும்."

"ஊட்டுக்குள்ள மழை பெஞ்சத்தத்தான் சூறாவளியில பாத்தமே! ஆசை தீரலயா?"

"அது கூரை போனதால வந்த மழை. நான் கேக்கிறது கூப்பிட்டு வாற மழை."

"மழையக் கூப்பிட்டு ஊட்டுக்குள்ள இருத்தி, தேத்தண்ணியும் குடுப்பமா?"

இந்த வழக்கு மாதக்கணக்கில் நடந்தது. சோற்றுக்கு முன்னும் நடந்தது, பின்னும் நடந்தது. திடீரென்று ஒரு நாள் முனவ்வறா, "சரி, உங்கட விருப்பம் போலக் கட்டுங்க" என்று சொல்லிவிட்டாள். முகைதீன்பாவாவுக்குத் தன் காதையே நம்ப முடியவில்லை. அவள் கேட்டதெல்லாம் ஒன்றுதான். காலியில் வாழ்க்கைப்பட்டிருக்கும் தங்கச்சி நதீராவுக்குப் பெண் பிள்ளை பிறந்து நாற்பது நாளும் கழிந்துவிட்டது, போய்ப் பார்த்துவிட்டு வர வேண்டும். வென்ற மனிதருக்குத் தாராளம் வராமல் என்ன செய்யும்? உடனே பஸ் ஏறினார்கள்.

நதீராவின் வீடு காலிக் கோட்டைக்கு உள்ளேயே இருந்தது. போய்ச் சேர்ந்த மறுநாள் காலையில் அவள் சொன்னாள்: "மச்சான், உங்களுக்குக் கோட்டையச் சுத்திக் காட்ட ஒரு ஆளச் சொல்லி வெச்சிரிக்கன். வெள்ளக்காரருக்குக் காட்டுறவரு. இண்டைக்கு உங்க ரெண்டு பேருக்கும் மட்டும்தான்."

வந்தவனுக்கு றஸாக் என்று பெயர். காதை மூடிய தலைமுடி. நிலத்தைக் கூட்டிக்கொண்டு போகும் அகலக் கால்சட்டை. பற்பசை விளம்பரத்துக்குப் போதுமான பல். முகைதீன்பாவா தன் தொந்தியைக் கொஞ்சம் உள்ளே இழுத்துக்கொண்டார்.

"வாங்கொ நானா. வாங்கொ தாத்தா," என்றான் றஸாக்.

நானா என்றால் அண்ணன். கல்முனையில் ராத்தா என்று சொல்லும் மூத்த சகோதரியைக் காலிப் பக்கத்தில் தாத்தா என்பார்கள். இது முகைதீன்பாவாவுக்கும் தெரியும். தெரிந்தும் சும்மா இருக்க முடியவில்லை.

"சிங்களத்தில தாத்தா எண்டா வாப்பா. என்ட பொஞ்சாதி உனக்கு வாப்பாவா?"

றஸாக் சிரித்தான். முனவ்வறாவும் சிரித்தாள். பகிடி விட்டது அவர். ஆனால் அவள் சிரித்தது அவன் சிரித்ததைப் பார்த்து. முதல் முள் அங்கே குத்தியது.

பழைய கோட்டை வாசலுக்குக் கூட்டிப் போனான். வாசலுக்கு மேலே கல்லில் இரண்டு சிங்கம், அவற்றின் உச்சியில் ஒரு சேவல்.

"போர்த்துக்கீசர்ட பாஷையில சேவலுக்குக் காலோ எண்டு பேர், தாத்தா. ஊர்ட பேரக் கேட்டு அவங்க சேவல நெனச்ச எண்டு ஒரு கதை ஈக்கி."

"அட!" என்றாள் முனவ்வறா.

முகைதீன்பாவா திடுக்கிட்டுத் திரும்பினார். சந்திரனில் மனிதன் கால் வைத்த செய்தியை ரேடியோவில் கேட்டு அவர் மூச்சு வாங்க ஓடி வந்து சொன்னபோது, "உப்புக் காணுமா பாருங்க" என்று அடுப்பில் இருந்த மீன் ஆணத்தைக் கரண்டியில் நீட்டியவள் இவள். இன்றைக்கு ஒரு கல் சேவலுக்கு "அட!"

"எங்கட ஊட்டயும் சேவல் இரிக்கி. கூவும் வேற," என்றார்.

யாரும் கேட்கவில்லை. றஸாக் மதிலைத் தடவிக்கொண்டிருந்தான்.

"கடல் முருகைக் கல்லும் சுண்ணாம்பும் தாத்தா. ஒரு கரண்டி சீமெந்து இல்ல."

முகைதீன்பாவாவுக்கு யாரோ தன் குடும்பத்தை ஏசியது போல இருந்தது. "அதுதான் இப்பிடிக் கறுத்துப்போய்க் கிடக்கு."

"முன்னூறு வருஷமா நிக்கிதே நானா."

"முன்னூறு வருஷம்! அட!" என்றாள் முனவ்வறா.

இரண்டாவது அட. முகைதீன்பாவாவின் தொந்தி தன் இடத்துக்குத் திரும்பிவிட்டது. உள்ளே இழுக்க அவருக்குத் தென்பில்லை.

கடைசியில் நதீராவின் அயல்வீட்டுக்காரி றாபியாவின் வீட்டுக்கு வந்தார்கள். ஒல்லாந்தர் காலத்து வீடு. தெருப் பக்கம் தூண் வைத்த விறாந்தை, உள்ளே போனால் நடுமுற்றம். முகைதீன்பாவா வெளியே சூரியனைப் பார்த்துவிட்டுத்தான் நுழைந்தார். ஆனால் நேரம் பார்த்து ஒரு தூறல் விழுந்தது. முற்றத்துக் கல்லில் பட்பட்டென்று தெறித்தது. முனவ்வறா விறாந்தை ஓரத்தில் நின்று, முக்காடு நழுவியதும் தெரியாமல், மழைக்குக் கையை நீட்டினாள்.

"இந்தக் காலத்து ஆக்களுக்கு இப்பிடிக் கட்ட ஏலாது தாத்தா," என்றான் றஸாக். "அதுக்கு ஒரு மனசு வேணும்."

முனவ்வறா அவனைப் பார்த்தாள். அந்தப் பார்வையை முகைதீன்பாவாவுக்குத் தெரியும். கல்யாணமான புதிதில் மட்டக்களப்பில் இருந்து அவர் ஒரு சீத்தைச் சேலை வாங்கி வந்தபோது அதே பார்வை அவருக்குக் கிடைத்தது. அதற்குப் பிறகு வரவேயில்லை. இத்தனை காலமும் எங்கேயோ பத்திரமாக வைத்திருந்து, இன்று கொண்டுவந்து இவனுக்குக் கொடுக்கிறாள்!

அன்று சாப்பாட்டில் மீன் இருந்தது, இறைச்சி இருந்தது, எல்லாவற்றுக்கும் மேலே றஸாக் இருந்தான். "றஸாக் சொன்னாரு..." என்று முனவ்வறா தொடங்க, "றஸாக் எப்பவும் அப்பிடித்தான் ராத்தா..." என்று நதீரா தொடர, முகைதீன்பாவா மீன் முள்ளையும் சேர்த்து மென்றார்.

"நாளைக்கு மிச்சத்தையும் காட்டுறாராம்," என்றாள் முனவ்வறா.

காட்டுவான், காட்டுவான் என்று கறுவிக்கொண்டார் முகைதீன்பாவா.

மறுநாள் காலையில் அவர் தெரு முனையில் போய் நின்றார். றஸாக் வந்ததும் மறித்தார்.

"தம்பி, இண்டைக்கு வர வேணாம். அவக்குக் காய்ச்சல்."

"அல்லாஹ்வே! மழையில நனஞ்சதா நானா?"

"ஓம். நடுமுத்தத்தால வந்த காய்ச்சல்."

வீட்டுக்கு வந்து முகத்தைத் துக்கமாக வைத்துக்கொண்டார். "அந்தப் பொடியன் செருமன்காரரக் கூட்டிக்கொண்டு போயிட்டானாம். வெள்ளத் தோலக் கண்டா எங்கள மறந்திருவானுகள். பறவாயில்ல, நான் காட்டுறன்."

"நீங்களா?"

"கட்டிடத்தப் பத்தி எனக்குத் தெரியாததா? கல்முனையில பாதி ஊடு என்ட சீமெந்தில நிக்கிது."

முனவ்வறா தங்கச்சியைப் பார்த்தாள். நதீரா குழந்தையின் முகத்தைத் துடைக்கிற சாட்டில் குனிந்துகொண்டாள். மூவரும் குழந்தையோடு புறப்பட்டார்கள்.

"இது மதில்," என்று தொடங்கினார் முகைதீன்பாவா. "பெரிய மதில்."

"ஓம்," என்றாள் முனவ்வறா.

"இது மணிக்கூட்டுக் கோபுரம். இதில நேரம் பாக்கலாம்."

"ம்."

அட வரவில்லை. முகைதீன்பாவா நடையை எட்டிப் போட்டார். வெளிச்ச வீட்டுக்குப் பக்கத்தில் வெள்ளை வெளேரென்று ஒரு பெரிய கட்டிடம் தெரிந்தது. வளைவு வாசல், இரண்டு பக்கமும் கோபுரம். அல்லாஹ் கொடுத்த சந்தர்ப்பம் என்று நினைத்தார்.

"இஞ்ச பாருங்க! இது ஒல்லாந்தர் கட்டின சேர்ச். அவங்கட கவர்னர்மார் கும்பிட்ட எடம். இந்த முகப்பப் பாத்தாலே தெரியும், சுத்தமான வேதக்காரக் கட்டிடம். நாங்க உள்ளுக்குப் போகப்படாது..."

அப்போது அந்தச் சேர்ச்சுக்குள் இருந்து தொழுகைக்கான பாங்கு கேட்டது.

 தெருவில் போனவர்கள் தொப்பியைச் சரி செய்துகொண்டு உள்ளே நுழைந்தார்கள்.

"மச்சான்," என்றாள் நதீரா மெதுவாக, "இது எங்கட பள்ளிவாசல். பள்ளியாத்தான் கட்டினது."

"தெரியும். உங்களுக்குத் தெரியுமா எண்டு பாத்தன்," என்று சொல்லிவிட்டு முகைதீன்பாவா வேகமாக உள்ளே போய் லுஹர் தொழுதார். வழக்கத்தை விட நீளமாகத் துஆ கேட்டார்.

வெளியே வந்தபோது முனவ்வறா சாந்தமாக நின்றாள். "இஞ்சருங்க, றாபியா ஊட்டுக்கு ஒருக்காப் போவம். நேத்து றஸாக் முத்தத்தப் பத்தி என்னமோ விளங்கப்படுத்தினாரு. எனக்கு மறந்து போச்சி. நீங்க ஒருக்காச் சொல்லுங்களன்."

இழந்த மானத்தை மீட்க இதை விட நல்ல இடம் உண்டா? முகைதீன்பாவா றாபியாவின் முற்றத்து நடுவில் போய் இடுப்பில் கை வைத்து நின்றார். றாபியாவும் குசினியை விட்டு வந்து எட்டிப் பார்த்தாள்.

"அவன் சொன்னது பாதிதான். கேளுங்க. சூடு மேலால போகும். போற சூட்டுக்குப் பதிலா தெரு வாசலால கடல் காத்து உள்ளுக்கு வரும். இந்த முத்தம் ஊட்டுட மூக்கு. மூக்க அடச்சா மனிசன் என்ன பாடுபடுவான்?"

"மெய்தானே," என்றாள் முனவ்வறா. "மூக்கில்லாத ஊட்ட நான் யோசிச்சிப் பாக்கல்ல. மழைத் தண்ணி உள்ளுக்கு வராதா?"

"என்னத்துக்கு வருது? முத்தத்த ஒரு படி பதிச்சிக் கட்டணும். கீழால வடிகான் வெட்டி வெளியில விடணும். இது தெரியாம அந்தப் பொடியன் சுண்ணாம்பப் பத்திக் கதைக்கான்."

"எல்லாம் சரி. சூறாவளி வந்தா?" என்று பெருமூச்சு விட்டாள் முனவ்வறா. "நீங்க சொன்னது போல, முத்தத்தால காத்து நுழஞ்சி கூரையத் தூக்கிரும்தானே."

முகைதீன்பாவா வாயைத் திறந்தார். ஓம், அதுதான் நான் அப்போதே சொன்னேன் என்று சொல்லியிருந்தால் அன்றைக்கே தப்பியிருப்பார். ஆனால் அவள் அடுத்ததாக, "இதுக்கு வழி இருந்தா றஸாக்குக்குத்தான் தெரியும்," என்றாள்.

"ஆருக்கு? அவனுக்கா?" முகைதீன்பாவாவின் குரலில் குழந்தை விழித்து அழுதது. "கூரையத் தூக்கும் எண்டா நாலு பக்கமும் சுத்திக் கம்பி வெச்சிக் கொங்கிறீட் பீம் போடணும்! அறையளுக்கு மேல சீமெந்துத் தட்டு. முத்தம் மட்டும் தொறந்து கிடக்கும். எந்தச் சூறாவளி வந்தாலும் மேலால வந்து மேலால போக வேண்டியதுதான்! ஒல்லாந்தனுக்குச் சீமெந்து இல்ல. எனக்கு இரிக்கி!"

"இந்தக் காலத்து ஆக்களுக்குக் கட்ட ஏலாது, அதுக்கு ஒரு மனசு வேணும் எண்டாரே."

"மனசா? எனக்கா மனசில்ல? கட்டிக் காட்டுறன்! இத விடப் பெரிய முத்தம்! றாபியா, நீங்க சாட்சி. நதீரா, நீயும் சாட்சி. கட்டி முடிச்சி அவனக் கூப்பிட்டுக் காட்டுவன்!"

"அட!" என்றாள் முனவ்வறா.

கூடவே அந்தப் பார்வையும் வந்தது. சீத்தைச் சேலைப் பார்வை, ஒரு குறைவும் இல்லாமல். என்ன சொல்லிவிட்டோம் என்பது முகைதீன்பாவாவுக்கு அதற்குப் பிறகுதான் உறைத்தது. உறைத்தும் வருத்தம் வரவில்லை. றஸாக்கை வென்றாயிற்று. ஒரு முற்றம் போனால் போகட்டும்.

ஊருக்குத் திரும்பும் நாளில் பஸ் நிலையத்துக்கு றஸாக் வழியனுப்ப வந்தான். கையில் ஒரு பார்சல் தொதல், தேங்காய்ப்பாலில் கிண்டிய இனிப்பு.

"காய்ச்சல் சொகமா தாத்தா?"

முகைதீன்பாவா குனிந்து செருப்பு வாரைச் சரி செய்தார். முனவ்வறா கண்ணைக் கூடச் சிமிட்டவில்லை. "ஓம் தம்பி, சுகம். அவருதான் நல்லாப் பாத்துக்கிட்டாரு."

 பஸ்ஸில் அவள் தொதலைப் பிரித்து அவருக்கும் தந்தாள். அம்பாறை வரும் வரைக்கும் முகைதீன்பாவா ஜன்னல் பக்கம் திரும்பியபடியே அதை மென்றார். அம்பாறை தாண்டியதும் வேறொரு கவலை பிடித்தது. புறப்படும்போது வேலப்போடி மேசனிடம், வரும் முன்னே அத்திவாரம் வெட்டி வை என்று அவர் சொல்லிவிட்டு வந்திருந்தார். முற்றம் இல்லாத வீட்டுக்கான அத்திவாரம்! இப்போது அதை மூடி வேறு வெட்டச் சொல்ல வேண்டும். மனைவி பேச்சுக்கு ஆடினார் என்று மேசன் நினைத்துவிடக் கூடாதே! இது முழுக்க முழுக்கத் தன் மூளையில் உதித்தது என்று எப்படிச் சொல்வது? வாய்க்குள் சொல்லிச் சொல்லிப் பழகிக்கொண்டே வந்தார்.

கல்முனையில் இறங்கியதும் நேரே வளவுக்குப் போனார். வேலப்போடி மண்வெட்டியைக் கழுவிக்கொண்டிருந்தான்.

"வேலப்போடி," என்று கனைத்துக்கொண்டார் முகைதீன்பாவா. "வேலைய நிப்பாட்டு. எனக்கு ஒரு யோசனை வந்திரிக்கி."

"நடுமுத்தம்தானே முதலாளி? அதுக்கும் சேத்து அளவு வெச்சி வெட்டி முடிச்சிட்டன்," என்றான் வேலப்போடி. "'எனக்கு ஒரு யோசனை வந்திரிக்கி எண்டுதான் அவரு தொடங்குவாரு, அதுக்குள்ள வெட்டிரு' எண்டு ராத்தா பஸ் ஏற முந்தியே சொல்லிட்டுப் போனாவே!"