முப்பது வருஷத் தள்ளுபடி

"நம்பரும் பேரும் ஒத்துப் போகலையே, அக்கா. இது உங்க பேர்ல இல்ல" என்றான் செல்போன் கடை ஹான்சோல்.

சோரானின் கைகளில் சுருள் மருந்தின் நெடி இன்னும் போகவில்லை. தன்னுடைய அழகு நிலையத்தில் வீ அம்மாவின் தலை முழுக்கச் சுருள் குச்சிகளை மாட்டி, மருந்தை ஊற்றி, மேலே பிளாஸ்டிக் உறையையும் கவிழ்த்துவிட்டு, இதோ வந்துவிடுகிறேன் என்று அடுத்த கட்டிடத்துச் செல்போன் கடைக்கு ஓடி வந்திருந்தாள்.

"என் பேர்ல இல்லாம எவன் பேர்ல இருக்கும்? நான்தானே பேசறேன், நான்தானே பணம் கட்டறேன்?"

சொல்லி முடிக்கும்போதே அவளுக்கு உறைத்துவிட்டது. பில் மாமனார் வீட்டுக்குப் போகிறது என்று அவளுக்குத் தெரியும். பில் போகிற வீட்டுக்காரர்தான் நம்பருக்கும் சொந்தக்காரர் என்று இத்தனை நாள் தோன்றவே இல்லை. கல்யாணமான புதிதில் மாமனார் தோ பான்சோக் வீட்டில் எல்லாருக்கும் தன் பெயரிலேயே போன் வாங்கிக் கொடுத்தார். விவாகரத்து ஆகி மூன்று வருஷம் ஓடிவிட்டது. புருஷனாக இருந்த ஜேபொம் உல்சான் நகரத்துக்குப் போய் வேறு குடித்தனம் வைத்துவிட்டான். வீடு, பாத்திரம், படுக்கை எல்லாவற்றையும் பிரித்த மனிதர்கள் இந்த நம்பரை மட்டும் பிரிக்க மறந்துவிட்டார்கள்.

விட்டுத் தொலைக்கலாம் என்றால் அதுவும் முடியாது. கடைப் பலகையில் அந்த நம்பர்தான் இருக்கிறது. குன்சான் நகரத்தின் அந்தப் பகுதியில் தலையைச் சுருட்டிக்கொள்கிற அத்தனை பெண்களுக்கும் அது மனப்பாடம். பழைய போனின் திரையோ உடைந்து, வருகிற அழைப்பை எடுக்க முடியாமல் நாலு வாடிக்கையாளர்கள் எதிர்க்கடைக்குப் போய்விட்டார்கள். வேறு கம்பெனியிலிருந்து நம்பரோடு மாறி வருகிறவர்களுக்கு இன்றைக்குப் புதுப் போன் விலையில் மானியம் கொட்டுகிறது, சாயங்காலம் குறைத்துவிடுவார்கள் என்று ஹான்சோல் சொல்லியிருந்தான். எவ்வளவு என்று வாயால் சொல்லவில்லை. அந்தக் கடைகளில் யாரும் தொகையை வாய்விட்டுச் சொல்ல மாட்டார்கள், வரம்புக்கு மேல் கொடுப்பது யார் காதில் விழுந்து யார் புகார் கொடுப்பார்களோ என்று பயம். கால்குலேட்டரில் தட்டி நகர்த்தினான். பார்த்தவுடனே சோரான் முடிவு செய்துவிட்டாள்.

"பேர்ல இருக்கறவர் அடையாள அட்டையோட நேர்ல வந்தா இன்னிக்கே முடிச்சிடலாம்" என்றான் ஹான்சோல்.

நேரில் வருவதற்கென்ன, மாதம் தவறாமல் வருகிற ஆள்தான். பில்லைப் படம் எடுத்து அனுப்பினால் போதாதா? அனுப்ப மாட்டார். பஸ் ஏறி வந்து, அதை அவள் கையில் கொடுத்து, பணத்தை வாங்கி எண்ணுவார். தலையில் இருக்கிற நாலு முடியையும் வெட்டிக்கொள்வார். காபி குடிப்பார், ஹீட்டரின் சூட்டைக் குறைத்துவிட்டுப் போவார். இந்த மாதத்தோடு அந்தத் தொல்லையும் ஒழியட்டும் என்று சோரான் கடைப் போனிலிருந்தே அவரைக் கூப்பிட்டாள்.

"முடியாது" என்றார் பான்சோக்.

காரணம் அவளுக்கு ஏற்கெனவே மனப்பாடம். ஒரு குடும்பத்தில் எல்லாருமாகச் சேர்ந்து அந்தக் கம்பெனியில் இருந்த வருஷங்களைக் கூட்டினால் முப்பது வர வேண்டும். வந்தால் எல்லார் பில்லிலும் தள்ளுபடி. அவள் ஒருத்தி விலகினால் முப்பது உடையும், வீட்டுக்கே நஷ்டம். மாதாமாதம் காபியோடு சேர்த்து அவர் ஓதுகிற மந்திரம் இதுதான்.

"மாமா, நான் உங்க குடும்பம் இல்ல. மூணு வருஷம் ஆச்சு."

"அது கோர்ட்டு சொல்றது. டெலிபோன் கம்பெனி அப்படிச் சொல்லலையே."

சரி, அந்த நஷ்டத்தை நானே கட்டிவிடுகிறேன் என்றாள். அவ்வளவுதான், கிழவருக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. என்னைக் காசுக்குப் பறக்கிறவன் என்று நினைத்தாயா என்று கத்திவிட்டு வைத்துவிட்டார். மாதாமாதம் சில்லறையை எண்ணி வாங்குகிறவர் பேசுகிற பேச்சைப் பார் என்று சோரான் பல்லைக் கடித்தாள்.

அடுத்து ஜேபொமைக் கூப்பிட்டாள். மாஜி புருஷன் ஆனாலும் அப்பாவிடம் ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா? சொன்னான். சொன்ன வேகத்தில் திரும்பக் கூப்பிட்டு, அப்பா தன்னை வாய்க்கு வந்தபடி திட்டினார் என்றும், அந்த நம்பரை யாரும் எங்கும் கொண்டுபோக முடியாதபடி பூட்டு போடச் சொல்லக் கிளம்பிக்கொண்டிருக்கிறார் என்றும் சொன்னான்.

"பூட்டா?" என்றாள் சோரான் ஹான்சோலிடம்.

"அப்படி ஒண்ணு இருக்கு, அக்கா. போட்டுட்டா எடுக்கறது கஷ்டம்."

சோரானுக்கு ரத்தம் தலைக்கேறியது. எவன் வீட்டு நம்பருக்கு எவன் பூட்டுப் போடுவது? காலையிலிருந்து ராத்திரி வரை நின்று, கால் வீங்கி, ஒவ்வொரு தலையாகப் பிடித்துச் சம்பாதித்த நம்பர் அது. மறுபடி கிழவரைக் கூப்பிட்டாள். இந்த முறை உண்மை பேசுகிற எண்ணம் அவளுக்கு இல்லை.

"மாமா, உங்ககிட்ட மறைச்சு என்ன ஆகப்போகுது. நான் மறுபடி கல்யாணம் பண்ணிக்கப் போறேன். பழைய மாமனார் பேர்ல போன் வெச்சிருந்தா அவர் என்ன நினைப்பார்?"

கிழவர் கத்தவில்லை. "வரேன்" என்று ஒரு சொல் வந்தது.

ஜெயித்துவிட்டோம் என்று நினைத்தாள். டாக்ஸி வந்து நின்றதைப் பார்த்ததும் அந்த நினைப்பு போய்விட்டது. பான்சோக் டாக்ஸிக்குக் காசு கொடுத்து அவள் பார்த்ததே இல்லை. கல்யாணத்துக்கும் சாவுக்கும் போடுகிற கறுப்புக் கோட்டை மாட்டிக்கொண்டு இறங்கியவர், நேராகச் செல்போன் கடைக்குள் வந்தார். சோரானைப் பார்த்தார். அவளுக்கு எதிரே, அவளுக்காகக் காபி கலக்கிக்கொண்டிருந்த ஹான்சோலைப் பார்த்தார். நாற்காலியை இழுத்துப்போட்டு அவன் முன்னால் உட்கார்ந்தார்.

"நீதானா?"

"ஆமாங்க ஐயா, நான்தான். இவ்வளவு நேரமா அக்கா விஷயமாத்தான் உங்களை எதிர்பார்த்துட்டு இருக்கேன்" என்றான் ஹான்சோல் பணிவாக.

"வயசு இவளை விடக் குறைச்சலா இருக்கே. மூத்த பையனா?"

வாடிக்கையாளரை எதிர்த்துப் பேசக்கூடாது என்பது ஹான்சோலுக்குத் தொழில் தர்மம். ரெண்டாவது பையன் என்றான். குடிப்பாயா என்றார், எப்போதாவது என்றான். சம்பளம் எவ்வளவு என்று கேட்டார். ஹான்சோல் தயங்கினான், பிறகு பழக்க தோஷத்தில் கால்குலேட்டரில் தட்டி அவர் பக்கம் நகர்த்தினான்.

கிழவர் அதைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்து, தெருவுக்கே கேட்கும்படி வாசித்தார். "இதை வெச்சுக்கிட்டு இவளை எப்படிடா காப்பாத்துவ?"

ஹான்சோல் எழுந்து ஓடிக் கண்ணாடிக் கதவைச் சாத்தினான். சாத்திய கதவை வெளியிலிருந்து தள்ளிக்கொண்டு வீ அம்மா உள்ளே வந்தாள். தலையில் உறையும் குச்சியும் அப்படியே இருந்தன, நெற்றி வழியாக மருந்து இறங்கிக்கொண்டிருந்தது.

"என் மண்டை எரியுது. நீ இங்க உக்காந்து காபி குடிக்கறியா?"

பான்சோக் அவளை மடக்கினார். பல வருஷமாக இவளிடம் வருகிறீர்களே, இந்த மாப்பிள்ளையைப் பற்றி உங்கள் அபிப்பிராயம் என்ன என்று கேட்டார்.

"எந்த மாப்பிள்ளை? இவளுக்கு மாப்பிள்ளை இருந்தா எனக்குத் தெரியாம இருக்குமா? ஞாயித்துக்கிழமைகூட ஒண்டியா உக்காந்து துண்டு துவைக்கிறவ" என்றாள் வீ அம்மா.

ஹான்சோல் அப்போதுதான் விஷயம் புரிந்து, தனக்கு மனைவியும் குழந்தையும் இருப்பதாக அவசரமாகச் சொன்னான்.

பான்சோக்கின் முகம் மலர்ந்தது. மேல் பொத்தானைக் கழற்றிவிட்டுக்கொண்டு, ஹான்சோல் கலக்கி வைத்த காபியை எடுத்து ஒரு மடக்கு குடித்தார். தன்னைத் தோற்கடித்த சந்தோஷம் அது என்று சோரானுக்குப் பட்டது.

"அப்ப சரி. நம்பர் இருக்கற இடத்துலயே இருக்கட்டும். முப்பது வருஷம்னா சும்மாவா?" என்றார் அவர்.

சோரான் எழுந்து நின்றாள்.

"வேண்டாம் மாமா. நம்பரை நீங்களே வெச்சுக்கோங்க. உங்க முப்பது வருஷத்தோட சேர்த்துப் பெட்டியில வெச்சுப் பூட்டிக்கோங்க. மானியமும் வேண்டாம், ஒண்ணும் வேண்டாம். என் பேர்ல புது நம்பர் வாங்கிப் பலகையை இன்னிக்கே மாத்தி எழுதறேன். இந்த ஊர்ல ஒவ்வொரு தலையா மறுபடி பிடிச்சுக்கறேன், எனக்குக் கை இருக்கு. ஆனா இனிமே பில்லைத் தூக்கிக்கிட்டு என் கடைப் படி ஏறாதீங்க."

வீ அம்மாகூடத் தலை எரிச்சலை மறந்து நின்றாள். சோரானுக்கு அழுகை வந்தது, இருந்தாலும் முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை. போகட்டும், எல்லாம் போகட்டும். ஒரு கிழவரின் தள்ளுபடிக்காகத் தன் பிழைப்பை அடகு வைக்க அவள் தயாராக இல்லை.

பான்சோக் காபிக் கோப்பையைக் கீழே வைத்தார். கோட்டின் உள்பையிலிருந்து அடையாள அட்டையை எடுத்து மேஜையில் போட்டார்.

"எழுதிக்கோ. அவ பேருக்கே மாத்திக் குடுத்து அனுப்பு" என்றார் ஹான்சோலிடம். பிறகு யாரையும் பார்க்காமல், "வீட்டுக்குத்தான் பெரிய நஷ்டம். எல்லார் தள்ளுபடியும் போச்சு" என்றார்.

"போகட்டும்" என்றாள் சோரான்.

ஹான்சோல் அட்டையைப் பார்த்து எண்களைத் தட்டினான். திரையைப் பார்த்தான். கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு மறுபடியும் பார்த்தான்.

"ஐயா, உங்க வீட்டு நம்பர் எல்லாத்தையும் ரெண்டு வருஷம் முன்னாடியே நீங்களே எங்க கம்பெனிக்கு மாத்திட்டு வந்துட்டீங்களே, அப்பவே அந்தத் தள்ளுபடி போயிருக்குமே, அப்புறம் இந்த அக்கா நம்பரை மட்டும் எதுக்கு அங்கயே விட்டுட்டு வந்தீங்க?"