மாமனார் சொன்ன தீர்ப்பு

அன்பும் பொறுமையும் நிறைந்த மாப்பிள்ளை அவர்களுக்கு, மாமனார் எழுதிக்கொள்வது. இங்கு நானும் உங்கள் மாமியாரும் நலம் என்று எழுதத்தான் ஆசை. ஆனால் படப்பிடிப்பிலிருந்து என்னை வீட்டில் இறக்கிவிட்டுப் போன நீங்கள் அதற்குப் பிறகு ஒரு வார்த்தை பேசவில்லை. போன் செய்தால் மகள், "அவர் தூங்குறார்ப்பா" என்கிறாள், பட்டப்பகலில்.

அந்தப் பழைய புத்தகத்தைப் படமாக எடுக்கிறீர்கள் என்றதும் வேண்டவே வேண்டாமென்று நான் குதித்தது உண்மைதான். ஒரு காலத்தில் தடை செய்த புத்தகமாயிற்றே! செய்தித்தாளில் அட்டை போட்டுக்கொண்டுதான் படித்தேன். அதில் அக்காக்காரி ஒழுக்கத்தையெல்லாம் உதறிவிட்டு மாளிகையில் வாழ்கிறாள், நல்லவளான தங்கை போகிற வாசலிலெல்லாம் உதை வாங்குகிறாள். படுக்கையறைச் சமாச்சாரங்களை வேகமாகப் புரட்டிவிட்டேன் (சிலவற்றை மட்டும் திரும்பி வந்து சரிபார்த்தேன்), தங்கைக்கு நடப்பதைத்தான் தாங்க முடியவில்லை. "அதைப் பார்த்துக் கோபம் வரணும் மாமா, அதுக்குத்தான் படமே" என்றீர்கள். நியாயமாகப் பட்டது. கோர்ட்டில் பெயர் கூப்பிட்டே காலம் கழித்தவர், அந்த இடத்துத் தோரணை தெரிந்தவர் என்று நீதிபதி வேடத்தையும் எனக்கே கொடுத்தீர்கள். ஒரே வசனம்: "நீ குற்றவாளி. உனக்கு ஆயுள் தண்டனை."

தங்கையாக நடிக்கும் பெண், செய்யாத திருட்டுக்காகக் கூண்டில் நின்றது. நீங்கள் "ஆக்‌ஷன்" என்றீர்கள். நான் "குற்றம் நிரூபிக்கப்படவில்லை, விடுதலை" என்றேன். மறுபடி எடுத்தீர்கள், மறுபடி விடுதலை. தண்ணீர் குடித்துவிட்டு வந்தும் விடுதலை. "மாமா, நீங்களே விட்டுட்டா மீதிப் படத்துக்கு நான் எங்க போறது?" என்று தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டீர்கள். கேமராக்காரர் சிரித்தார். அந்தப் பெண் மட்டும் மெதுவாக "தேங்க்ஸ் சார்" என்றது. அன்றோடு படப்பிடிப்பு நின்றது.

வேண்டுமென்று செய்யவில்லை மாப்பிள்ளை. வேலையில் இருந்த காலமெல்லாம் வாசலில் நின்று கூப்பிடுவேன். உள்ளே போகிறவர்களில் சிலர் ஒரு பாவமும் அறியாதவர்கள் என்று முகத்தைப் பார்த்தாலே தெரியும். தெரிந்து என்ன செய்ய? அடுத்த பெயரைக் கூப்பிடுவதுதான் என் வேலை. முதன்முதலாக அந்த நாற்காலியில் உட்கார்ந்ததும் வாய் என் பேச்சைக் கேட்கவில்லை. ஆனால் உங்கள் உழைப்பில் மண்ணைப் போட்டுவிட்டேனே என்று நினைத்தால் சோறு இறங்கவில்லை. இன்னும் ஒரு நாள் கொடுங்கள். கண்ணை மூடிக்கொண்டாவது தண்டித்துவிடுகிறேன், இது சத்தியம்.

மகளுக்கு என் ஆசிகள். படம் நன்றாக ஓடி, பார்க்கிறவர்களெல்லாம் வயிறெரிந்து திட்ட வேண்டும் என்று மனமார வாழ்த்தும்,

உங்கள் மாமனார்.

பின்குறிப்பு: கடிதத்தை ஒட்டுவதற்கு முன் ஓர் ஒத்திகை பார்த்தேன். உங்கள் மாமியார்தான் குற்றவாளி. நாற்காலி முதுகைப் பிடித்துக்கொண்டு என்னையே பார்த்தபடி நின்றாள். விடுதலை செய்துவிட்டேன். "கல்யாணமாகி இத்தனை வருஷத்துல இன்னைக்குத்தான் எனக்கு ஒரு நியாயம் கிடைச்சிருக்கு" என்று சொல்லிவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டு உள்ளே போனாள். ஆகவே வேறு நீதிபதியைப் பார்த்துவிடுங்கள். பெயர் கூப்பிட ஆள் வேண்டுமென்றால் மட்டும் சொல்லி அனுப்புங்கள், வருகிறேன்.